காணாமற்போன கருவி

நுழையும்முன்

இன்றைய பாடல்களில் ஒலிக்கும் கருவிகளுள் பல, மரத்தாலும் தோலாலும் நரம்பாலும் ஆனவை அல்ல. கணினி நிரல்களால் ஆனவை. அத்தகைய கருவி ஒன்று கணினியில் கிடைக்காமற் போனால் பாடலின் ஒரு பகுதி ஊமையாகிவிடும். அஃது ஏன் நிகழ்கிறது, அதன் காரணத்தை எவ்வாறு கண்டறிவது, எந்த அளவுக்கு மீட்கலாம் என்பவற்றை விளக்குகிறது இப்பாடம்.

பத்தாண்டுகளுக்கு முன் இசையமைத்து முடித்த பாடலொன்றைப் புதிய மேக் கணினியில் திறக்கும் இசைக்கலைஞர் ஒருவரை எண்ணிப் பார்க்கலாம். பாடலின் பல்லவியைச் சற்றே மாற்றித் தருமாறு அவரிடம் கேட்டிருக்கிறார்கள். திரையில் தடங்கள் அனைத்தும் முன்பிருந்தவாறே வரிசையாகத் தோன்றுகின்றன. பாடகியின் குரல் இருக்கிறது. ஆனால், கோவில் மண்டபத்தில் பாடுவதுபோல் முன்பு கேட்ட அக்குரல் இப்போது வறண்டு ஒலிக்கிறது. நாகசுரமும் தவிலும் இருக்கின்றன. அவற்றின் பின்னே விரிந்திருந்த வயலின்களின் கூட்டொலியைக் காணவில்லை. பியானோவும் பேசவில்லை. வயலின் தடத்தில் சுரங்களெல்லாம் சிறு கட்டங்களாக அப்படியே உள்ளன. ஒலி மட்டும் எழவில்லை. இப்பணிக்கோப்புக்குத் தேவையான செருகுநிரல்கள் கிடைக்கவில்லை என்று ஓர் அறிவிப்பு தோன்றி, நான்கு பெயர்களைக் காட்டுகிறது.

நாகசுரம் பிழைத்திருக்க வயலின்கள் மட்டும் மறைந்தது ஏன்? நாகசுரம் ஒலிவாங்கியின் வழியாகப் பதிவுசெய்யப்பட்டது. அஃது ஒலிக்கோப்பாகவே வட்டில் சேமிக்கப்பட்டிருக்கிறது. வயலின்களோ ஒருபோதும் பதிவுசெய்யப்படவில்லை. எந்தச் சுரம், எந்தக் கணத்தில், எவ்வளவு அழுத்தத்தில், எந்தக் கருவியால் இசைக்கப்பட வேண்டும் என்னும் குறிப்பு மட்டுமே பணிக்கோப்பில் எழுதப்பட்டிருந்தது. பாடல் ஒலிக்கும் ஒவ்வொரு முறையும் அக்குறிப்பைப் படித்து, அந்தக் கணத்திலேயே ஒலியை உண்டாக்கியது வேறொரு நிரல். அந்நிரல் இல்லாதபோது குறிப்பு வெறும் எழுத்தாக நின்றுவிடுகிறது.

தமிழிசை வரலாறு அறிந்தோர்க்கு இந்நிலை புதிதன்று. சிலப்பதிகாரம் யாழைப் பற்றியும் பண்களைப் பற்றியும் விரிவாகப் பேசுகிறது. நூல் நிலைத்தது; யாழ் வழக்கொழிந்தது. பழந்தமிழ் நூல்களில் உள்ள குறிப்புகளைக் கொண்டு, கணித முறையில் ஆராய்ந்து, மறைந்த அக்கருவியின் இலக்கணத்தை மீட்டுரைக்க முயன்ற சுவாமி விபுலானந்தரின் யாழ் நூல் 1947இல் வெளிவந்தது. அங்கே ஒரு கருவி மறையப் பல நூற்றாண்டுகள் பிடித்தன. கணினியிலோ இயங்குதளத்தின் ஒரு புதுப்பிப்பே போதுமானது.

கூடத்திலிருந்து திரைக்கு

முற்கால ஒலிப்பதிவுக் கூடத்தில் ஒவ்வொரு பணிக்கும் ஒரு பெட்டி இருந்தது. குரலுக்கு மண்டபத்தின் அதிர்வைச் சேர்க்க ரிவெர்ப் என்னும் கருவி. ஒலியின் ஏற்றத்தாழ்வைச் சமன்செய்யக் கம்ப்ரசர். கனத்த ஒலியையும் மெல்லிய ஒலியையும் கூட்டிக் குறைக்க ஈக்வலைசர். புதிய ஒலிகளைப் பிறப்பிக்கச் சின்தசைசர். இவை இரும்புச் சட்டங்களில் அடுக்கப்பட்டிருந்தன. ஒரு பெட்டி பழுதுபார்க்கச் சென்றிருந்தால் அதன் இடம் வெற்றிடமாகக் கண்ணுக்குத் தெரியும். எதைக் காணவில்லை என்று தேட வேண்டிய தேவை எழவில்லை.

ஜெர்மனியின் ஹாம்பர்க் நகரில் 1984இல் தொடங்கப்பட்ட ஸ்டைன்பெர்க் நிறுவனம், கியூபேஸ் என்னும் தன் இசையாக்க மென்பொருளுக்காக 1996இல் ஒரு முறையை அறிமுகப்படுத்தியது. விர்ச்சுவல் ஸ்டுடியோ டெக்னாலஜி என்பது அதன் பெயர், வி.எஸ்.டி. என்பது சுருக்கம். ரிவெர்ப், கம்ப்ரசர் முதலிய பெட்டிகளின் வேலையைச் செய்யும் சிறு நிரல்களைப் பெரிய மென்பொருளுக்குள் செருகிக்கொள்ள இம்முறை வழிசெய்தது. பிளக்-இன் என வழங்கும் அச்சிறு நிரல்களே செருகுநிரல்கள். 1999இல் வெளிவந்த இரண்டாம் பதிப்பு, ஒலியை மாற்றும் நிரல்களோடு, ஒலியைப் பிறப்பிக்கும் இசைக்கருவி நிரல்களுக்கும் இடமளித்தது.

ஸ்டைன்பெர்க் இம்முறையைத் தனக்கென மறைத்து வைத்துக்கொள்ளவில்லை. செருகுநிரல் எழுதும் விதிகளைப் பிறருக்கும் வழங்கியது. பெரிய நிறுவனங்கள் மட்டுமன்றி, வீட்டில் தனியே அமர்ந்து நிரல் எழுதியவர்களும் கருவிகளைப் படைத்தனர். பலர் அவற்றை விலையின்றியே கொடுத்தனர். இசையுலகம் அதனால் பெற்ற வளம் பெரிது. ஆனால், தனி ஒருவர் படைத்த கருவி, அவர் அப்பணியைக் கைவிட்டதும் ஆதரவற்றுப் போகிறது. வளத்துக்குக் காரணமான அதே தாராளம்தான் இன்றைய இழப்புகள் பலவற்றுக்கும் காரணம் எனலாம்.

வி.எஸ்.டி.யே எங்கும் வழங்கும் ஒரே முறையாகவும் அமையவில்லை. ஆப்பிள் நிறுவனம் மேக் கணினிகளுக்கென ஆடியோ யூனிட் என்னும் முறையை வகுத்தது. அதன் லாஜிக் மென்பொருள் அம்முறையையே ஏற்கிறது. புரோ டூல்ஸ் மென்பொருளுக்கு ஏ.ஏ.எக்ஸ். என்னும் முறை உண்டு. ஒரே ரிவெர்ப் கருவியை அதன் படைப்பாளர் இம்மூன்று வடிவங்களிலும் வெளியிடுவது வழக்கம். திரையில் மூன்றும் ஒன்றுபோலவே தோன்றும். கணினிக்கு அவை மூன்று வேறு கோப்புகள்.

செருகுநிரல் எவ்வாறு பணிசெய்கிறது என்பதை அறிந்தால் மேலே வருவன எளிதில் விளங்கும். கணினியில் ஒலி என்பது எண்களின் வரிசை. குறுந்தகட்டின் தரத்தில், ஒரு வினாடி ஒலி 44,100 எண்களால் ஆனது. இசையாக்க மென்பொருள் இவ்வெண்களைச் சிறுசிறு தொகுதிகளாகப் பிரித்துச் செருகுநிரலிடம் கொடுக்கிறது. ஒரு தொகுதியில் 256 எண்கள் இருந்தால், அது ஒரு வினாடியின் ஆயிரத்தில் ஆறு பங்குக்கும் குறைவான ஒலி. அவ்வளவு நேரத்துக்குள் செருகுநிரல் கணக்கிட்டு முடித்து எண்களைத் திருப்பித் தர வேண்டும். தாமதித்தால் ஒலி வெடித்துத் தெறிக்கும். இவ்விரைவுக்காகவே செருகுநிரல் தனித்து இயங்கும் மென்பொருளாக அமையாமல், பெரிய மென்பொருளின் நினைவகத்துக்குள்ளேயே புகுந்து அதன் உறுப்பாகி இயங்குகிறது. உறுப்பு உடலோடு பொருந்த வேண்டும். பொருந்தாத உறுப்பு வட்டில் இருந்தும் இல்லாததாகிறது.

முதலில் செய்ய வேண்டியது

அறிவிப்பைக் கண்டவுடன் பலரும் செய்யும் பிழை, கிடைத்தவற்றைக் கொண்டு பாடலை ஒப்பேற்றி, அதே பெயரில் சேமித்துவிடுவதாகும். இதன் தீங்கு உடனே தெரிவதில்லை.

செருகுநிரல் ஒன்றில் இசைக்கலைஞர் திருகிய குமிழ்கள், தேர்ந்த ஒலிகள் ஆகிய அனைத்தையும் அந்நிரல் ஒரு தரவுத் தொகுதியாக்கி, இசையாக்க மென்பொருளிடம் கொடுத்து வைக்கிறது. மென்பொருள் அதன் பொருளை அறியாது. பூட்டிய பெட்டியை வைத்திருப்பதுபோல் பணிக்கோப்பில் வைத்திருந்து, அடுத்தமுறை திறக்கும்போது நிரலிடமே திருப்பிக் கொடுக்கிறது. செருகுநிரல் கிடைக்காத நிலையிலும் பல மென்பொருள்கள் அப்பெட்டியை எறிந்துவிடாமல், அக்கருவியின் இடத்தை வெற்றிடமாகக் காட்டிக் காத்து வைக்கின்றன. செருகுநிரல் மீண்டும் நிறுவப்பட்டதும் பழைய அமைப்புகள் அனைத்தும் உயிர்பெறுகின்றன. ஆனால், எல்லா மென்பொருள்களும் எல்லாச் சூழலிலும் இவ்வாறே நடந்துகொள்ளும் என்று நம்பியிருக்க இயலாது. வெற்றிடத்தை நீக்கி வேறு கருவியைச் செருகிச் சேமித்தாலோ பெட்டி உறுதியாக அழிந்துவிடும்.

ஆகவே, பணிக்கோப்பு இருக்கும் கோப்புறை முழுவதையும் முதலில் படியெடுத்து வேறிடத்தில் வைக்க வேண்டும். ஆய்வெல்லாம் படியில்தான், மூலத்தைத் தொடக்கூடாது. அடுத்து, அறிவிப்பில் உள்ள பெயர்களைத் தாளில் எழுதிக்கொள்வது நன்று. இசைக்கலைஞர் எழுதிக்கொண்ட பெயர்கள் ஒரு ரிவெர்ப், ஓர் ஈக்வலைசர், ஒரு கம்ப்ரசர், வயலின் குழு ஆகிய நான்கு. காணவில்லை என்னும் ஒரே சொல்லை அறிவிப்பு நான்குக்கும் வழங்கியது. நான்கின் நோயும் வேறுவேறாக இருந்தன.

இருந்தும் இல்லாதவை

ரிவெர்ப்பின் நிலை எளியது. புதிய கணினியில் அதனை நிறுவியபோது, எந்தெந்த வடிவங்கள் வேண்டும் என்று நிறுவும் நிரல் கேட்டது. ஆடியோ யூனிட் என்னும் கட்டத்தில் மட்டுமே குறி இடப்பட்டது. பாடலோ வி.எஸ்.டி. வடிவத்தில் அதனைத் தேடியது. நிறுவும் நிரலை மீண்டும் இயக்கி, விடுபட்ட கட்டத்திலும் குறி இட்டதும் குரல் மண்டபத்துக்குத் திரும்பியது.

விண்டோஸ் கணினிகளில் இதே சிக்கல் வேறு உருவில் வருவதுண்டு. வி.எஸ்.டி.யின் இரண்டாம் பதிப்புக்கு உறுதியான இருப்பிடம் என ஒன்று வகுக்கப்படவில்லை. ஒரு நிறுவனம் தன் நிரலை ஒரு கோப்புறையில் வைக்கும். மற்றொன்று வேறு கோப்புறையில் வைக்கும். இசையாக்க மென்பொருள் எந்தக் கோப்புறைகளில் தேட வேண்டும் என்பதை அதன் அமைப்புகளில் பயனரே சொல்ல வேண்டியிருந்தது. சொல்லாத கோப்புறையில் உள்ள கருவி அதன் கண்ணுக்குப் புலப்படாது. 2008இல் வந்த மூன்றாம் பதிப்பு இக்குழப்பத்தை ஒழித்தது. புரோகிராம் ஃபைல்ஸ் கோப்புறைக்குள் உள்ள காமன் ஃபைல்ஸ் என்பதனுள் வி.எஸ்.டி.3 என்னும் கோப்புறையே அதற்குரிய இடம்.

ஈக்வலைசர் உரிய கோப்புறையில், உரிய வடிவத்தில் இருந்தது. எனினும், மென்பொருள் அதனை ஒதுக்கியிருந்தது. இசையாக்க மென்பொருள் தொடங்கும்போது புதிய செருகுநிரல் ஒவ்வொன்றையும் ஒருமுறை திறந்து பார்க்கிறது. அதன் பெயர், படைத்தவர், அடையாள எண், எத்தனை வழிகளில் ஒலியை வாங்கி எத்தனை வழிகளில் தருகிறது ஆகியவற்றைக் கேட்டுத் தன் பட்டியலில் பதிந்துகொள்கிறது. இச்சோதனையின்போது ஒரு நிரல் செயலிழந்தால், அது மென்பொருளையே வீழ்த்திவிடக்கூடும் என்று அஞ்சி, விலக்கப்பட்டவை என்னும் தனிப்பட்டியலில் அதன் பெயரை எழுதிவிடுகிறது. அதன்பின் எத்தனை முறை மென்பொருளைத் திறந்தாலும் அந்நிரலைத் திரும்பிப் பார்ப்பதில்லை. கியூபேஸிலும் லாஜிக்கிலும் இத்தகைய நிலையைக் காட்டும் செருகுநிரல் மேலாளர் பகுதி உண்டு. ஏபிள்டன் லைவ் மென்பொருளில் ஆல்ட் விசையை அழுத்திக்கொண்டு மறுதேடல் பொத்தானைச் சொடுக்கினால், பழைய முடிவுகளைப் புறந்தள்ளி எல்லாவற்றையும் புதிதாகச் சோதிக்கும். ஈக்வலைசரின் புதிய பதிப்பை நிறுவி, விலக்கிலிருந்து நீக்கி, மறுதேடல் செய்ததும் அது பட்டியலில் இடம்பெற்றது.

ஆயினும், பாடல் அதனை உடனே ஏற்கவில்லை. புதிய பதிப்பு வி.எஸ்.டி.யின் மூன்றாம் பதிப்புக்கு உரியது. பாடலில் எழுதியிருந்ததோ இரண்டாம் பதிப்பின் அடையாளம். இரண்டாம் பதிப்பில் ஒவ்வொரு செருகுநிரலுக்கும் நான்கு எழுத்துகளில் அடங்கும் அடையாளம் உண்டு. மூன்றாம் பதிப்பில் அது 128 பிட் நீளமுள்ள எண். பெயர் ஒன்றாக இருப்பினும் மென்பொருள் பெயரை நம்பாது, அடையாளத்தையே பார்க்கும். பழைய அடையாளத்துக்கு உரிய நிரல் நானே என்று புதிய நிரல் அறிவித்துக்கொள்ளும் வழி விதிகளில் உள்ளது. படைப்பாளர் அவ்வழியைப் பின்பற்றியிருந்தால் மாற்றம் தானே நிகழும். பின்பற்றாதபோது பழைய கணினியில் பாடலைத் திறந்து, குமிழ்களின் நிலைகளைக் குறித்துவந்து, புதிய நிரலில் கையால் அமைக்க வேண்டியதுதான். ஸ்டைன்பெர்க் 2018 அக்டோபருக்குப் பின் இரண்டாம் பதிப்புக்கான உரிமத்தைப் புதிய படைப்பாளர்களுக்கு வழங்குவதை நிறுத்தியது. எனவே, பழைய பாடல்களில் இச்சிக்கல் இனியும் பெருகவே செய்யும்.

கணினியின் மொழி மாறியபோது

கம்ப்ரசரை மறைத்தது கணினியின் உள்ளுறுப்பு. ஆப்பிள் நிறுவனம் 2020 நவம்பரில் தன் கணினிகளில் இன்டெல் செயலிகளுக்கு மாற்றாக, எம்1 என்னும் சொந்தச் செயலியைப் பொருத்தத் தொடங்கியது. இவ்விரு செயலிகளும் புரிந்துகொள்ளும் ஆணைகள் வெவ்வேறு. பழைய நிரல்களுக்காக ரொசெட்டா என்னும் மொழிபெயர்ப்பு வசதியை ஆப்பிள் உடன் வழங்கியது. எனினும், ஒரே நினைவகத்துக்குள் இயங்கும் உடலும் உறுப்பும் ஒரே மொழியில்தான் பேச முடியும். இசையாக்க மென்பொருள் புதிய செயலியின் மொழியில் இயங்கும்போது, இன்டெல் மொழியில் எழுதிய செருகுநிரல் அதனுள் நுழைய இயலாது. ஆடியோ யூனிட் வடிவத்தை மட்டும் தனியறையில் இயக்கி இத்தடையைக் கடக்கச் சில மென்பொருள்கள் வழிகண்டுள்ளன.

மற்ற வடிவங்களுக்குத் தீர்வு எளிது; அறியாதவர்க்கு அது தோன்றுவதே அரிது. இசையாக்க மென்பொருளையே மொழிபெயர்ப்பின் வழியாகத் திறக்க வேண்டும். மேக் கணினியில் அம்மென்பொருளின் தகவல் பலகையைத் திறந்தால், ரொசெட்டாவைக் கொண்டு திறக்கவும் என்னும் பொருள்பட ஒரு கட்டம் இருக்கும். அதில் குறி இட்டுத் திறந்ததும் கம்ப்ரசர் தோன்றியது. கணினியின் வேகம் சற்றுக் குறையும். பாடலை முடிக்க அது தடையன்று. இவ்வழியும் நெடுநாள் திறந்திராது. ரொசெட்டாவைப் படிப்படியாகக் கைவிடப்போவதாக ஆப்பிள் 2025இல் அறிவித்துவிட்டது.

நான்காவது பெயரான வயலின் குழு, இவற்றைக் காட்டிலும் பழைய நோய்க்கு ஆளாகியிருந்தது. அது 32 பிட் நிரல். நினைவகத்தின் ஒவ்வோர் இடத்துக்கும் கணினி ஒரு முகவரி வைத்திருக்கிறது. முகவரியை 32 இலக்கங்களில், ஒன்று அல்லது சுழியால், எழுதினால் ஏறத்தாழ 429 கோடி முகவரிகளே கிடைக்கும். அதாவது 4 ஜிகாபைட். வயலின் ஒவ்வொன்றின் ஒவ்வொரு சுரத்தையும் பல்வேறு அழுத்தங்களில் பதிவுசெய்து வைத்திருக்கும் கருவிகளுக்கு அந்த இடம் போதவில்லை. இசையாக்க மென்பொருள்கள் 64 பிட் முகவரிக்கு மாறின. 64 பிட் நிரலின் நினைவகத்துக்குள் 32 பிட் செருகுநிரலைச் செருக முடியாது.

இடைக்காலத்தில் பாலங்கள் அமைத்தனர். பழைய செருகுநிரலைத் தனியான 32 பிட் நிரலுக்குள் வைத்து இயக்கி, ஒலித் தொகுதிகளை மட்டும் அங்குமிங்கும் அனுப்பும் துணை நிரலே பாலம். சில மென்பொருள்கள் பாலத்தைத் தாமே வழங்கின. ஜேபிரிட்ஜ் போன்றவற்றைத் தனியே வாங்கியும் பயன்படுத்தினர். பின்னர் அவையும் குறைந்தன. கியூபேஸ் 2016 இறுதியில் வந்த ஒன்பதாம் பதிப்பிலும், ஏபிள்டன் லைவ் 2018இல் வந்த பத்தாம் பதிப்பிலும் 32 பிட் ஆதரவைக் கைவிட்டன. 2019 அக்டோபரில் வெளியான கேட்டலினா என்னும் மேக் இயங்குதளம், 32 பிட் நிரல்கள் எதனையும் இயக்க மறுத்தது. அதனோடு மேக் கணினியில் பாலத்துக்கும் வழியில்லாமற் போயிற்று. விண்டோஸ் இன்றும் 32 பிட் நிரல்களை இயக்குவதால் அங்கே பாலங்கள் பயன்படுகின்றன. சின்த்எடிட் என்னும் எளிய கருவியைக் கொண்டு தனியர் பலர் விண்டோஸுக்காகப் படைத்து இலவசமாக வழங்கிய செருகுநிரல்களுள் மிகப் பல 32 பிட் அளவிலேயே நின்றுவிட்டன.

வயலின் குழுவைப் படைத்த நிறுவனம் இப்போது இயங்கவில்லை. 64 பிட் பதிப்பு வெளிவரவே இல்லை. மறுநிறுவல், மறுதேடல், மொழிபெயர்ப்பு ஆகிய எதுவும் இங்கே பயன்தரா.

பட்டியலில் இல்லாத பியானோ

பியானோ ஒலிக்கவில்லை, அறிவிப்பிலோ அதன் பெயர் இல்லை. காரணம், அதன் செருகுநிரல் கணினியில் இருந்தது. முறையாகத் திறக்கவும் செய்தது. அதன் ஒலி மாதிரிகளே இல்லை. உண்மையான பியானோவின் கட்டைகளை ஒவ்வொன்றாக அழுத்திப் பதிவுசெய்த ஆயிரக்கணக்கான சிறு ஒலிக்கோப்புகளே அக்கருவியின் குரல். அவை பல ஜிகாபைட் இடத்தைப் பிடிப்பதால் தனி வட்டில் வைத்திருப்பது வழக்கம். செருகுநிரல் அவற்றின் பழைய முகவரியை நினைவில் கொண்டிருக்கும். வட்டின் பெயர் மாறினாலும், விண்டோஸில் வட்டுக்குரிய எழுத்து மாறினாலும், கோப்புறையை ஓர் அடி நகர்த்தினாலும் அதற்கு வழி தெரியாது. பெர்லின் நகரின் நேட்டிவ் இன்ஸ்ட்ரூமென்ட்ஸ் நிறுவனம் வெளியிடும் கான்டாக்ட் போன்ற மாதிரிக் கருவிகள், மாதிரிகளைக் காணவில்லை என்று தமக்கெனத் தனி அறிவிப்பைக் காட்டிப் புதிய இடத்தைக் கேட்கும். இடத்தைச் சுட்டிக்காட்டினால் போதும்.

உரிமம் இல்லாமையும் இவ்வகையைச் சேர்ந்ததே. விலைகொடுத்து வாங்கிய செருகுநிரல்கள் பல, உரிமம் இருக்கிறதா என்று பார்த்த பின்னரே ஒலிக்கும். ஐலாக் முறையில் அவ்வுரிமம் விரல் அளவுள்ள யு.எஸ்.பி. சாவியிலோ கணினியிலோ இணையத்திலோ இருக்கலாம். சாவியை வீட்டில் மறந்துவிட்டுக் கூடத்துக்கு வந்தவர் நாள் முழுவதும் நிரலை நீக்கி நீக்கி நிறுவிக்கொண்டிருப்பார். குறை நிரலில் இருந்தால்தானே தீரும்.

உரிமமின்றித் திருட்டுத்தனமாகப் பரவும் செருகுநிரல்களைப் பற்றியும் இங்கே சொல்ல வேண்டும். பூட்டை உடைத்த நிரல், தேடல் சோதனையில் செயலிழப்பதும், இயங்குதளம் புதுப்பிக்கப்பட்டதும் நின்றுவிடுவதும் இயல்பு. அதன் பழுதைக் கேட்டுத் திருத்தப் படைப்பாளரிடம் செல்லவும் இயலாது. பாடலின் ஒரு பகுதியை அதன்மேல் கட்டியவர், சட்டத்தின் பொருட்டு அன்றேனும் தம் பாடலின் பொருட்டு அஞ்ச வேண்டும்.

ஒலியாக்கி வைத்தல்

மீட்க முடியாத வயலின்களைப் போன்றவற்றுக்கு உரிய காப்பு, பாடல் நன்றாக ஒலித்துக்கொண்டிருக்கும் நாளிலேயே செய்யப்பட வேண்டியது. ஒவ்வொரு தடத்தையும் பாடலின் தொடக்கப் புள்ளியிலிருந்து முடிவு வரை தனித்தனி ஒலிக்கோப்பாக மாற்றி வைப்பதே அது. எல்லாக் கோப்புகளும் ஒரே புள்ளியில் தொடங்கினால், எந்த மென்பொருளிலும் அவற்றை வரிசையாக அடுக்கியதும் பாடல் பிசிறின்றிப் பொருந்தும். கிராமி விருதுகளை வழங்கும் ரெக்கார்டிங் அகாதெமியின் தயாரிப்பாளர், பொறியாளர் பிரிவும், பணிகளை ஒப்படைக்கும்போது செருகுநிரல்களை நம்பாத இத்தகைய ஒலிக்கோப்புகளைச் சேர்த்து வழங்கப் பரிந்துரைத்துள்ளது.

ஒலியாக்கியதும் பழைய சுரக்குறிப்பை எறிந்துவிடக் கூடாது. ஒலிக்கோப்பு உண்மையானது; ஆனால், அதில் ஒரு சுரத்தைப் பிடுங்கி வேறொன்றை நடுவது கடினம். சுரக்குறிப்பு மாற்றத்துக்கு இடந்தரும். ஆனால், கருவியின்றி ஊமை. இரண்டும் சேர்ந்திருந்தால்தான் பிற்காலத்தில் பாடலைக் கேட்கவும் முடியும், திருத்தவும் முடியும். சுரக்குறிப்புக்கு 1983இல் பல நிறுவனங்கள் ஒன்றுகூடி வகுத்த மிடி என்னும் பொதுவிதி இன்றுவரை நிலைத்திருப்பதால், அப்பகுதி பற்றிய கவலை குறைவு. கருவிகளுக்கு அத்தகைய பொதுவிதி அமையவில்லை. 2022இல் பிட்விக், யு-ஹி ஆகிய பெர்லின் நிறுவனங்கள் முன்னின்று வெளியிட்ட கிளாப் என்னும் திறந்த செருகுநிரல் முறையும், பணிக்கோப்பை ஒரு மென்பொருளிலிருந்து மற்றொன்றுக்குக் கொண்டுசெல்ல 2023இல் வெளிவந்த டா-புராஜெக்ட் என்னும் திறந்த கோப்புவடிவமும் அத்திசையில் எடுத்துவைத்த அடிகள்.

இசைக்கலைஞர் பத்தாண்டுகளுக்கு முன் அவ்வாறு எதையும் ஒலியாக்கி வைக்கவில்லை. அவருடைய நற்பேறாக, பழைய கணினியைப் பரணில் வைத்திருந்தார். கேட்டலினாவுக்கு முந்தைய இயங்குதளமும், 32 பிட் இசையாக்க மென்பொருளும் அதில் மாறாமல் இருந்தன. பணிக்கோப்பின் படியை அதில் திறந்தார். வயலின்கள் ஒலித்தன. பல்லவியில் கேட்டிருந்த மாற்றத்தைப் புதிய கணினிக்குத் தள்ளிப்போடாமல் அங்கேயே, வயலின்களின் சுரக்குறிப்பிலேயே செய்து முடித்தார். ஒலியாக்கிவிட்டால் சுரங்கள் தம் கைக்குள் நில்லா என்பதை அவர் அறிவார். பின்னர், வயலின் தடங்கள் ஆறனையும் பாடலின் முதற்புள்ளியிலிருந்து 24 பிட் ஒலிக்கோப்புகளாக்கிப் புதிய கணினிக்குக் கொண்டுவந்தார்.

தடங்களைச் சுழிப்புள்ளியில் வைத்து ஒலிக்கச் செய்தபோது, வயலின்கள் நாகசுரத்தின் கீழ் முன்போலவே வந்து சேர்ந்தன. ஊமையான பழைய தடத்தை நீக்காமல் ஒதுக்கிவைத்தார். கோப்புறையில் ஓர் எழுத்துக்கோப்பைத் தொடங்கி, இயங்குதளம், இசையாக்க மென்பொருள், செருகுநிரல்கள் ஆகியவற்றின் பெயரையும் பதிப்பு எண்ணையும் நாளிட்டு எழுதினார். அவருடைய வட்டில் அதே ஆண்டைச் சேர்ந்த பாடல்கள் இன்னும் பல இருந்தன. பழைய கணினியை அணைக்காமல் அடுத்த பாடலின் பணிக்கோப்பைத் திறந்தார்.